கால் எரிச்சலும் மரமரப்பும்: கேள்வி பதில்

கடலூரில் நர்ஸாக இருந்த காலத்தில் பெரும்பகுதி, சர்க்கரை நோயாளிகளின் கால் புண்ணுக்குக் கட்டுப் போடுவதிலேயே போனது. தொடுவதையும் வலியையும் சூட்டையும் மூளைக்குச் சொல்லும் உணர்ச்சி நரம்பு பற்றிக் கேளுங்கள் என்றதும் கடலூர், புதுச்சேரிப் பக்கமிருந்து நிறையக் கேள்விகள் வந்தன. ஒரே மாதிரியானவற்றைச் சேர்த்துப் பதில் எழுதுகிறேன். மருந்தின் அளவை உங்களை நேரில் பார்க்கும் டாக்டர்தான் சொல்ல வேண்டும்.

கேள்வி (திருப்பாதிரிப்புலியூர்): சிஸ்டர், எட்டு வருஷமா சுகர் இருக்கு. ராத்திரி படுத்தா ரெண்டு பாதமும் மிளகாய் பூசின மாதிரி எரியுது. பகல்ல அவ்வளவா தெரியல. ஏன்?

பதில்: அம்மா, உடம்பிலேயே நீளமான நரம்புகள் இடுப்புப் பக்கமிருந்து கால் விரல் வரை போகிறவை. ரத்தத்தில் சர்க்கரை வருஷக்கணக்கில் கூடுதலாக இருந்தால் அவற்றின் நுனிதான் முதலில் கெடும். அதனால்தான் இரண்டு காலிலும் ஒரே மாதிரி விரலில் தொடங்கி மேலே ஏறுகிறது. முழங்கால் வரை வரும் சமயத்தில் கைவிரல் நுனியிலும் ஆரம்பிக்கும். பகலில் வேலைமேல் கவனம் இருக்கும். இரவில் போர்வை பட்டாலே சிலருக்குத் தாங்காது. பிரிகாபலின், டுலாக்செடின் மாதிரியான மாத்திரைகள் எரிச்சலை அடக்கும், நரம்பைச் சரிசெய்யாது. மேலும் கெடாமல் காப்பது சர்க்கரைக் கட்டுப்பாடுதான். மூன்று மாதச் சர்க்கரைச் சராசரியைக் காட்டும் ரத்தப் பரிசோதனையை (HbA1c) பார்த்துவிடுங்கள். இன்னொன்று: சர்க்கரை இறங்காமல் எரிச்சல் மட்டும் தானாக அடங்கினால் குணமாகிவிட்டது என்று நினைக்காதீர்கள். உணர்வே போகத் தொடங்கியிருக்கலாம்.

கேள்வி (தேவனாம்பட்டினம்): கடலுக்குப் போறவன் நான். போன வாரம் கால்ல கிளிஞ்சல் கிழிச்சிருக்கு, வீட்டுக்காரம்மா ரத்தத்தைப் பார்த்துச் சொன்னப்பதான் தெரிஞ்சுது. வலியே இல்ல, தானா ஆறிடும்தானே?

பதில்: அண்ணே, இத்தனை கேள்வியில் எனக்கு அதிகம் கவலை தந்தது உங்களுடையதுதான். வலிக்கிற புண்காரர் நொண்டுவார், காலை ஊன்ற மாட்டார், அதனாலேயே பாதி ஆறிவிடும். வலிக்காதவர் அதே புண்மேல் நாள் முழுக்க நடப்பார். சீழ் உள்ளே இறங்கி எலும்பைத் தொட்ட பிறகு, நாற்றம் வந்துதான் ஆஸ்பத்திரிக்கு வருவார். விரலை எடுக்க வேண்டிய நிலைக்குப் பலர் இப்படித்தான் வந்து சேர்கிறார்கள். 1946-ல் வேலூர் சி.எம்.சி. (கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி) ஆஸ்பத்திரிக்கு வந்த அறுவை சிகிச்சை டாக்டர் பால் பிராண்ட் இதைத் தொழுநோயாளிகளிடம் எடுத்துக்காட்டினார். விரல்கள் தானாக அழுகி விழுவதில்லை. வலி தெரியாததால் சுட்டுக்கொண்டும் வெட்டிக்கொண்டும் ஆறவிடாமலும் அழிகின்றன என்றார். சர்க்கரைக் காலுக்கும் அதே கதைதான்.

இன்றைக்கே காலை டாக்டரிடம் காட்டுங்கள். சர்க்கரையும் பார்த்துவிடுங்கள், உங்களுக்கு இருப்பதே தெரியாமல் இருக்கலாம். பத்து கிராம் அழுத்தத்தில் வளையும் ஒரு நைலான் இழையால் பாதத்தைத் தொட்டுப் பார்ப்பார்கள். அது தெரியவில்லையென்றால் வலி என்கிற காவல் போய்விட்டது என்று அர்த்தம். அதற்கப்புறம் கண்தான் காவல். தினமும் சாயங்காலம் பாதத்தின் அடிப்பக்கத்தையும் விரல் இடுக்கையும் பார்க்க வேண்டும். குனிய முடியாதவர்கள் தரையில் கண்ணாடி வைத்துப் பார்க்கலாம், பிள்ளைகளைப் பார்க்கச் சொல்லலாம். செருப்பை உதறிவிட்டுப் போடுங்கள். எம்.சி.ஆர். என்கிற மெத்தென்ற ரப்பர் வைத்த, பின்வார் உள்ள செருப்புதான் நல்லது. சுடுதண்ணீரில் காலை வைக்கவே வேண்டாம், எரிச்சலுக்கு இதம் என்று யார் சொன்னாலும் சரி. காலாணியை பிளேடால் சீவ வேண்டாம்.

தீமிதி, வெறுங்காலில் திருவண்ணாமலை கிரிவலம் பற்றியும் பலர் கேட்டிருக்கிறீர்கள். எனக்கும் பக்தி உண்டு. ஆனாலும் உணர்வு போன காலோடு தீயிலோ, வெயில் ஏறிய தார் ரோட்டில் 14 கிலோமீட்டரோ நடக்காதீர்கள். வேண்டுதலை வேறு விதமாகச் செலுத்துங்கள்.

கேள்வி (பண்ருட்டி): எனக்கு சுகர் இல்லை, சுத்த சைவம். கால் மதமதன்னு இருக்கு, கண்ணை மூடி முகம் கழுவும்போது தள்ளாடுறேன். நரம்பு ஊசி போட்டுக்கலாமா?

பதில்: நீங்கள் சொன்ன தள்ளாட்டம் முக்கியமான அடையாளம். கால் எங்கே ஊன்றியிருக்கிறது என்று மூளைக்குச் சொல்வதும் உணர்ச்சி நரம்புதான். அந்தச் செய்தி வராதபோது கண்ணை வைத்துச் சமாளிக்கிறோம்; கண்ணை மூடினால் ஆட்டம் காண்கிறது. வைட்டமின் பி12 குறைவில் இது நன்றாகவே வரும். கல்லீரலில் சேமிப்பு இருப்பதால் குறைவு வெளியே தெரியவே சில வருஷம் ஆகும். முதலில் ரத்தப் பரிசோதனை, அதற்குப் பிறகு ஊசி. ஊசி போட்டுக்கொண்டு பரிசோதனைக்குப் போனால் அளவு ஏறிக் காட்டும், காரணம் மறைந்துவிடும். ரத்தசோகைக்கென்று ஃபோலிக் அமில மாத்திரையை மட்டும் சாப்பிடுவதும் ஆபத்து: ரத்தம் தேறும், நரம்பு கெட்டுக்கொண்டே போகும். மெட்ஃபார்மின் வருஷக்கணக்கில் சாப்பிடும் சுகர்காரர்களும் பி12 பார்க்க வேண்டும். எல்லா எரிச்சலையும் சுகர் தலையில் கட்டிவிடக்கூடாது. சீக்கிரம் கண்டுபிடித்தால் நன்றாகத் திரும்பிவரக்கூடிய பாதிப்பு இது.

கேள்வி (முத்தியால்பேட்டை): வீட்டுக்காரர் தினமும் குடிக்கிறார். கால் மரத்துப்போகுதுன்னு சொல்றார். குடியாலயா?

பதில்: குடியாலும் வரும் தங்கச்சி. சாராயமே நரம்புக்கு விஷம். சாப்பாடு குறைந்து பி1 சத்தும் போய்விடும். நிறுத்த வேண்டும், ஆனால் டாக்டர் துணையோடு. அதிகம் குடிப்பவர் சட்டென்று நிறுத்தினால் வலிப்பு வரலாம்.

கேள்வி (வில்லியனூர்): மகனுக்கு முழங்கைப் பக்கம் வெளுத்த தேமல். கிள்ளினா தெரியலங்கிறான்.

பதில்: உணர்வில்லாத தேமல் என்றால் தொழுநோயா என்று பார்த்தே ஆக வேண்டும். ஆரம்ப சுகாதார நிலையத்துக்கோ கோரிமேடு ஜிப்மர் தோல் பிரிவுக்கோ கூட்டிப் போங்கள். நோயின் வகையைப் பொறுத்து 6 மாதமோ 12 மாதமோ கூட்டு மருந்து, அரசே இலவசமாகத் தருகிறது. தொடங்கிய கொஞ்ச நாளிலேயே அடுத்தவருக்குப் பரவுவது நின்றுவிடும். பையன் பள்ளிக்கூடம் போகலாம், எல்லோரோடும் உட்கார்ந்து சாப்பிடலாம். தயவுசெய்து மறைக்காதீர்கள், நாள் கடத்தினால் விரல்கள் மடங்கிப்போகும்.

கேள்வி (நெல்லிக்குப்பம்): தையல் வேலை. வலது கை கட்டைவிரலும் பக்கத்து ரெண்டு விரலும் ராத்திரி மரத்து எழுப்பிவிடுது. உதறினா சரியாகுது.

பதில்: மணிக்கட்டில் நரம்பு அழுந்துகிறது. இரவில் மணிக்கட்டு மடங்காமல் பட்டை கட்டிப் படுங்கள். தைராய்டும் சர்க்கரையும் பாருங்கள். கட்டைவிரல் மேடு மெலிந்தால் காத்திருக்க வேண்டாம்.

கேள்வி (லாஸ்பேட்டை): நரம்புக்கு கரண்ட் வைத்துப் பார்த்ததில் நார்மல். ஆனாலும் எரியுது. மனப்பிரமை என்கிறார்கள்.

பதில்: பிரமை இல்லை. அந்தப் பரிசோதனை பெரிய நரம்பிழைகளைத்தான் அளக்கும். சூடும் எரிச்சலும் உணர்த்துகிற மெல்லிய இழைகள் அதில் தெரியாது. நரம்பு டாக்டரிடம் இதையே சொல்லிக் கேளுங்கள்.

கேள்வி (பலர்): எப்போது ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும்?

பதில்: மரமரப்போடு கால் பலமிழந்து, ஒரு சில நாளில் மேலே ஏறினால். மூச்சு வாங்கினால். உட்காரும் இடம் மரத்து, மூத்திரம் வராமல் நின்றால். முகமோ கையோ காலோ ஒரு பக்கம் திடீரென்று மரத்தால். இதில் எது வந்தாலும் விடியட்டும் என்று இருக்காதீர்கள், 108-ஐக் கூப்பிடுங்கள்.