நிழல் கறுப்பாகவா இருக்கிறது?

கே: மலை, ஏரி, மரம் என்று இயற்கைக் காட்சிகளைத்தான் வரைகிறேன், பெரும்பாலும் நானே எடுத்த புகைப்படங்களைப் பார்த்து. அளவெல்லாம் சரியாக வருகிறது, ஆனால் படத்தில் உயிர் இல்லை. புகைப்படத்தைப் பார்த்து வரைவது தப்பா?

தப்பே இல்லை. உங்கள் படத்தில் மரத்தடி நிழலுக்கு என்ன நிறம் கொடுத்திருக்கிறீர்கள் என்று மட்டும் ஒருமுறை பாருங்கள். கறுப்பு, இல்லையென்றால் கறுப்பை ஒட்டிய ஏதோ ஒன்று, அப்படித்தானே? அது கேமரா செய்கிற வேலை. சுள்ளென்ற வெயிலையும் அடர்ந்த நிழலையும் ஒரே படத்தில் பிடிக்க அது திணறும், வெயிலுக்குச் சரிசெய்தால் நிழல் இருண்டுவிடும். நேரில் போய் உட்கார்ந்து பாருங்கள். அதே நிழலில் வானத்தின் நீலம் இறங்கியிருக்கும், பக்கத்துப் புல்லின் பச்சை லேசாகத் தெறித்திருக்கும், மண் வெளுத்த இடத்தில் ஊதா மாதிரிகூடத் தெரியும்.

அப்புறம், வெளியே போனால் நேரம் துரத்தும். வரையத் தொடங்கியபோது இருந்த நிழல் முடிக்கும்போது வேறு இடத்தில் இருக்கும். ஆங்கில ஓவியர் ஜான் கான்ஸ்டபிள் 1821, 1822-இல் லண்டனை ஒட்டிய ஹாம்ஸ்டெட்டில் தலைக்கு மேலே இருந்த வானத்தை மட்டும் சின்னச் சின்னப் படங்களாக வரைந்து தள்ளினார். பலவற்றின் பின்பக்கம் தேதி, மணி, காற்று எந்தத் திசையிலிருந்து அடித்தது என்பது வரை எழுதி வைத்திருக்கிறார் (ஓவியரா, வானிலை அதிகாரியா என்று கேட்கத் தோன்றும்). நீங்களும் உள்ளங்கை அகல அட்டையில், அரை மணி நேரத்தில், வெறும் நிறங்களை மட்டும் வைத்துவிட்டு வாருங்கள். வீட்டில் வரையும்போது வடிவத்துக்குப் புகைப்படத்தைப் பாருங்கள், நிறத்துக்கு அட்டையைப் பாருங்கள்.

கே: எனக்கு எட்டுகிற தூரத்தில் இருப்பது ஒரே ஒரு குன்று. அதையே எத்தனை தடவை வரைவது?

வைக்கோல் போரைவிடக் குன்று எவ்வளவோ மேல்! பிரெஞ்சு ஓவியர் மோனே வைக்கோல் போர்களை வரையப் போனபோது, வெயிலுக்கு ஒன்று, மப்புக்கு ஒன்று, இரண்டு படம் போதும் என்றுதான் நினைத்தாராம். வெளிச்சம் மாற மாற வரைந்துகொண்டிருந்த கேன்வாஸை எடுத்துவிட்டு அடுத்ததை வைத்து, 1890-91-இல் அது சுமார் 25 படங்களில் போய் நின்றது. இன்னொரு பிரெஞ்சு ஓவியர் செசான் 1906 செப்டம்பரில் மகனுக்கு எழுதிய கடிதத்தில், இந்த ஆற்றங்கரையில் இடத்தை மாற்றாமலே, கொஞ்சம் வலப்பக்கம், கொஞ்சம் இடப்பக்கம் சாய்ந்தாலே மாதக்கணக்கில் வரைய விஷயம் கிடைக்கும் என்கிறார். சாய்ந்து பார்த்தீர்களா?

கே: எந்த நேரத்தில் போகலாம்?

காலையில் சீக்கிரம், அல்லது வெயில் சாய்ந்த பிறகு. உச்சி வெயிலில் நிழல் காலடியில் சுருங்கி எல்லாம் தட்டையாகத் தெரியும். குடையை மறக்காதீர்கள், செசான் அந்தக் கடிதம் எழுதிய அடுத்த மாதமே வெளியில் வரைந்துகொண்டிருந்தபோது புயல் மழையில் நனைந்து, சில நாளில் இறந்துபோனார். சிவப்பு, மஞ்சள் குடை மட்டும் வேண்டாம், அதன் சாயல் தாளில் விழுந்து நிறத்தையெல்லாம் குழப்பிவிடும்.