நேட்டால் பிளம் வன்னியில் வளருமா? – கேள்வி பதில்

வெண்ணிறப் பூவும் செந்நிறப் பழமும் தரும் நேட்டால் பிளம் என்ற ஆபிரிக்க முட்செடியைப் பற்றி வன்னியின் பல ஊர்களிலிருந்தும் கேள்விகள் வந்துள்ளன. ஒன்றையொன்று ஒத்தவற்றைச் சேர்த்து, ஊர்ப்பெயருடன் இங்கே பதில் எழுதுகிறேன்.

கேள்வி (ஓமந்தை): ஐயா, செடி விற்கும் ஓரிடத்தில் கரும்பச்சை இலையும் முள்ளும் மணமுள்ள வெள்ளைப் பூவும் கொண்ட ஒரு பற்றையைக் கண்டேன். அது நமது காட்டுக் கிளாதானே?

இரண்டும் ஒரே பேரினத்தைச் சேர்ந்தவை, ஆனால் ஒரே செடி அல்ல. நமது காட்டோரங்களில் வளரும் கிளாவின் தாவரவியற் பெயர் கரிசா ஸ்பைனாரம். இந்தியாவில் ஊறுகாய்க்காகப் பயிரிடப்படும் களா, கரிசா கரண்டாஸ். நீங்கள் கண்டது கரிசா மக்ரோகார்ப்பாவாக இருக்கவேண்டும். தென்னாபிரிக்காவின் குவாசுலு-நேட்டால் கரையோரத்திலும் மொசாம்பிக்கிலும் இயல்பாக வளரும் செடி அது. ஐயம் இருந்தால் முதலில் முள்ளைப் பாருங்கள். கிளாவின் முள் பெரும்பாலும் கிளைக்காமல் நேராக நிற்கும். நேட்டால் பிளத்தின் முள் நுனியில் இரண்டாகப் பிரிந்து கவடாக இருப்பதுடன் 5 சென்ரிமீற்றர் வரை நீளும். பூவும் கிளாப்பூவைவிடப் பெரியது. ஐந்து இதழ்களுடன் விரியும் அப்பூ, தோடம்பூவை ஒத்த மணத்தை இரவில் கூடுதலாக வீசும். கிளாப்பழம் சிறியது, பழுத்தால் கறுக்கும். சூலு மக்கள் அமதுங்குலு என்று அழைக்கும் நேட்டால் பிளம் பழமோ சிவந்து, 6 சென்ரிமீற்றர் வரையும் நீளக்கூடியது.

கேள்வி (அளம்பில்): எங்கள் வளவு கடற்கரை மணல். உப்புக்காற்றில் பழமரம் எதுவும் நிலைக்கவில்லை. இது நிலைக்குமா?

நிலைக்கும். கடலோர மணற்குன்றுகளும் கரையோரப் பற்றைக்காடுகளுமே இதன் பிறப்பிடம். உப்புக்காற்றைத் தாங்கும் தடித்த, மினுமினுப்பான இலை இதற்கு உண்டு. ஆனால் மணலில் நட்டவுடனேயே தண்ணீரை நிறுத்திவிட முடியாது. ஐப்பசி மழை தொடங்கும்போது நட்டால் மாரி முழுவதும் வேர் ஓடுவதற்குக் காலம் கிடைக்கும். அதன்பின் வரும் முதற் கோடையில், குறிப்பாகச் சோளகம் வீசி மண்ணை உலர்த்தும் மாதங்களில், அடியில் இலைக்குழையும் தென்னம்பொச்சும் பரப்பி, கிழமைக்கு இரு முறையாவது நன்றாக நனைய நீர் விடுங்கள். வேரூன்றிய செடி வறட்சியைப் பொறுக்கும் என்பது உண்மைதான். வேரூன்றாத கன்றுக்கு அந்தப் பொறுமை இல்லை. நிழலில் நடவேண்டாம், கிளைகள் மெலிந்து பூ குறைந்துவிடும்.

கேள்வி (முருங்கன்): எங்கள் மண் கருங்களி. மாரியில் நாட்கணக்கில் நீர் நிற்கும்.

அப்படியே நட்டால் செடி அழுகிவிடும். மண் எவ்வகையாயினும் இச்செடி ஒத்துப்போகும். வேரடியில் தேங்கும் நீரை மட்டும் ஏற்காது. முழங்கால் உயரத்துக்கு மண்ணும் மணலும் கூட்டெருவும் கலந்து மேடு அமைத்து, அதன்மேல் நடுங்கள். நீர் வழிந்தோட ஒரு வாய்க்காலும் வெட்டிவிடுங்கள். வயலுக்கு அருகில் உள்ள தாழ்ந்த நிலத்தைத் தவிர்ப்பதே நல்லது.

கேள்வி (விசுவமடு): கிணற்றடியில் உள்ள ஒற்றைச் செடி வருடம் முழுவதும் பூக்கிறது. ஆனால் ஒரு பழமும் பிடிக்கவில்லை. என்ன பசளை போடவேண்டும்?

வந்த கேள்விகளில் மிகவும் பயனுள்ளது இதுதான், ஏனெனில் இச்செடியை நட்ட பலர் இதே இடத்தில் மனம் தளர்ந்துவிடுகிறார்கள். பசளை உங்கள் குறையைத் தீர்க்காது. குறை மகரந்தச் சேர்க்கையில் இருக்கிறது.

இதன் பூக்கள் பார்வைக்கு ஒன்றுபோல் இருந்தாலும் செடிக்குச் செடி அவற்றின் தொழில் வேறுபடும். சில செடிகளின் பூக்களில் மகரந்தத்தாள்கள் சூல்தண்டைவிட நீண்டு, அவை ஆண்பூக்களாகவே செயற்படுகின்றன. வேறு சிலவற்றில் மகரந்தமே இல்லாமல் அவை பெண்பூக்களாகச் செயற்படுகின்றன. ஆகவே தனித்து நிற்கும் ஒரு செடி எவ்வளவு பூத்தாலும் பழம் தராமல் இருப்பதில் வியப்பில்லை. மேலும், தாயகத்தில் இப்பூவை நாடி வருபவை இரவில் பறக்கும் அந்துப்பூச்சிகளும் சிறு வண்டுகளும். அவை குறைவாக உள்ள இடத்தில் காய்பிடிப்பும் குறையும். அமெரிக்காவில் நடந்ததும் இதுவே. 1903 ஆம் ஆண்டில் தாவர ஆய்வாளர் டேவிட் ஃபெயார்சைல்ட், தென்னாபிரிக்காவின் தர்பன் நகரத் தாவரவியற் பூங்காவிலிருந்து பெருந்தொகை விதைகளைக் கொண்டுசென்றார். அவற்றிலிருந்து ஆயிரக்கணக்கான கன்றுகள் வளர்க்கப்பட்டுப் புளோரிடாவிலும் கலிபோர்னியாவிலும் பகிரப்பட்டன. செடிகள் செழித்தபோதும் பழம் மிகக் குறைவாகவே கிடைத்தமையால், பெரும்பாலானோர் அவற்றை வேலிச் செடியாக மட்டும் வைத்துக்கொண்டனர். பின்னர் நன்றாகக் காய்க்கும் செடிகளைத் தெரிந்தெடுத்துப் பதியம்வைத்துப் பெருக்கிய பின்னரே 'ஃபான்சி' போன்ற பழவகைகள் உருவாயின.

எனவே உங்கள் செடிக்கு அருகில், வேறு விதையிலிருந்து வந்த இரண்டு மூன்று செடிகளையாவது நடுங்கள். அதுவரை, பூத்துள்ள வேறொரு செடி அயலில் இருந்தால், மெல்லிய தூரிகையால் அதன் மகரந்தத்தை எடுத்து உங்கள் செடியின் பூக்குழாய்க்குள் தடவிப் பாருங்கள். உங்களுடையது ஆண்தன்மை உள்ள செடியாயின் இதனால் பயன் கிட்டாது. அப்போது அது மகரந்தம் கொடுக்கும் செடியாக நிற்கட்டும். இன்னொன்று: பூ கிளைநுனியிலேயே வரும். அழகுக்காக அடிக்கடி நுனியைக் கத்தரித்தால் பழத்தையும் சேர்த்தே கத்தரித்துவிடுகிறோம்.

கேள்வி (நெடுங்கேணி): காயைக் கீறினால் அலரியைப்போல் பால் வருகிறது. பிள்ளைகள் உண்ணலாமா? அம்மா பயப்படுகிறார்.

அம்மாவின் பயத்தைப் புறந்தள்ள வேண்டாம். நேட்டால் பிளமும் அலரியும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை, மஞ்சள் அலரி விதையின் நஞ்சு எத்தனை உயிர்களைப் பறித்தது என்பது நம் வடபுலத்துக்குத் தெரியும். நேட்டால் பிளத்தில் நன்கு பழுத்த பழம் உண்ணத்தக்கது; அதனுள் இருக்கும் தட்டையான சிறு விதைகளாலும் தீங்கில்லை; பழுத்த பழத்திலும் கசியும் வெண்பாலும் கெடுதி செய்யாது. இலை, தண்டு ஆகிய மற்றப் பகுதிகளை வாயில் வைக்கக் கூடாது. பழம் கருஞ்சிவப்பாகி, விரலால் அழுத்தினால் சற்றே இளகும் பக்குவத்தில் பறித்துக் கொடுங்கள். எல்லாவற்றிலும் முக்கியமானது, செடி எதுவென்று உறுதியாகத் தெரிந்திருப்பதாகும். ஆபிரிக்காவில் அம்புநுனியில் பூசும் நஞ்சைத் தரும் அகோகாந்தெரா என்ற செடியும் இதே குடும்பத்தது. அதன் பூவும் பழமும் இதனை ஒத்திருக்கும், ஆனால் அதற்கு முள் இல்லை. முள்ளில்லாத நேட்டால் பிளம் குட்டை வகைகளும் விற்பனையில் உள்ளன என்பதால், பெயர் தெரியாத முள்ளற்ற செடியின் பழத்தைப் பிள்ளைகளுக்குக் கொடுக்கவே வேண்டாம்.

கேள்வி (ஒட்டுசுட்டான்): யானையைத் தடுக்குமா?

தடுக்காது. மாடும் ஆடும் நுழையாத வேலியாக இது நன்கு பயன்படும். யானைக்கு இதை நம்பிப் பயிரை விடவேண்டாம்.

கேள்வி (கிளிநொச்சி): விதையா, தடியா, எது நல்லது? வேலிக்கு எவ்வளவு இடைவெளி விடவேண்டும்?

விதை இரண்டு முதல் நான்கு கிழமைகளில் முளைக்கும். முதலில் மெதுவாகவே வளரும். ஏறக்குறைய இரண்டு வருடங்களில் பூக்கத் தொடங்கலாம். ஆனால் பழத்தின் தரம் தாய்ச்செடியை ஒத்திருக்கும் என்று சொல்லமுடியாது. பழத்துக்காக நடுபவர் காய்க்கும் செடியிலிருந்து பதியம் வைத்துக்கொள்வதே நல்லது. தடி வைப்பதாயின், இளங்கிளையை நுனியிலிருந்து நான்கு விரல் அளவு கீழே பாதியளவு வெட்டி, தொங்கவிட்டபடி இரண்டு மாதம் செடியிலேயே விட்டு, அதன்பின் எடுத்து மணலில் நட்டால் வேர்பிடிப்பது எளிது. கிளுவைக் கதியால்போல் வெட்டி நேரே ஊன்றினால் பெரும்பாலும் பட்டுவிடும். வேலிக்கு இரண்டு முதல் மூன்று அடி இடைவெளி போதும். பழத்துக்கு ஆறடியாவது விடுங்கள். பிள்ளைகள் போய்வரும் ஒழுங்கையோரத்தில் முள்வகையை நடாதீர்கள். முள் ஆழமாக ஏறினால் காயத்தைக் கழுவி, ஏற்பூசி (ரெற்றனஸ் தடுப்பூசி) போட்டிருக்கிறதா என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள்.

கேள்வி (பூநகரி): பழத்தை எப்படிப் பயன்படுத்தலாம்?

பச்சையாக உண்ணலாம், 100 கிராம் பழத்தில் ஏறத்தாழ 38 மில்லிகிராம் விற்றமின் சி உண்டு. ஜாம் காய்ச்சுவதாயின் முழுதும் பழுத்தவற்றுடன், செங்காய்ப் பருவத்தில் உள்ள சிலவற்றையும் சேர்த்தால் நன்கு இறுகும். புளிப்புள்ள பழமாகையால் அலுமினியப் பாத்திரத்தில் காய்ச்சாமல் சில்வர் பாத்திரத்தில் காய்ச்சுங்கள். ஓரத்தில் ஒட்டும் பால்பிசினைச் சமையல் எண்ணெய் தொட்டுத் துடைத்தால் போய்விடும்.

கேள்வி (மாங்குளம்): தர்பனில் வேலைசெய்யும் மைத்துனர் வரும்போது விதை கொண்டுவரலாமா?

உத்தரவுப்பத்திரம் இல்லாமல் கொண்டுவரக் கூடாது. விதையும் செடியும் நாட்டுக்குள் வருவதை 1999 ஆம் ஆண்டின் 35 ஆம் இலக்கத் தாவரப் பாதுகாப்புச் சட்டம் கட்டுப்படுத்துகிறது; விவசாயத் திணைக்களத்தின் அனுமதியை முன்கூட்டியே பெறவேண்டும். விதையுடன் வரும் ஒரு நோய் நம் கிளாவையும் பிடிக்கலாம் என்பதை எண்ணியாவது இவ்விதியைக் கைக்கொள்ளுங்கள்.

கேள்வி (மல்லாவி): காணியின் எல்லையில் கிளாப்பற்றை மண்டியிருக்கிறது. அதை வெட்டிவிட்டு நேட்டால் பிளம் வைத்தால் வருமானம் கிடைக்குமா?

தயவுசெய்து வெட்டாதீர்கள். பாலையும் வீரையும் நிற்கும் இக்காடுகளின் ஓரத்தில் கிளா யாரும் நீர் ஊற்றாமலே நிற்கிறது. குருவிகளுக்கும் பிள்ளைகளுக்கும் பழம் கொடுக்கிறது. நம் கோடைக்கும் நம் பூச்சிகளுக்கும் பழகிய செடி அது. நேட்டால் பிளம் பழமோ மென்மையானது, பறித்தபின் நெடுநாள் தாங்காது. அதற்கென்று இங்கே சந்தையும் இல்லை. புதிய செடியை விரும்பினால் வீட்டுக்கு அருகில், நீர் விடக்கூடிய இடத்தில் நான்கைந்து நட்டு, நான்கு வருடமாவது காய்ப்பைப் பாருங்கள். பழந்தின்னும் குருவிகள் விதையைக் காட்டுக்குள் கொண்டுசெல்லக்கூடும் என்பதால், காட்டை ஒட்டிய எல்லையில் மட்டும் அதை நடவேண்டாம். அந்த எல்லை கிளாவுக்கே இருக்கட்டும். கிளாக்காயை உப்பும் மிளகாயும் சேர்த்து ஊறுகாய் போட்டால் வாங்குவதற்கு ஆட்கள் இப்போதே இருக்கிறார்கள்.