புன்னை யாருக்கு அக்கா?

கேள்வி: நற்றிணை 172ஆம் பாடலில் தாய், புன்னை மரத்தை ‘நுவ்வை’ என்கிறாள். நான் படித்த உரையில் அதற்கு ‘உங்கள் அக்கா’ என்று பொருள். என் மகள் வைத்திருக்கும் உரையிலோ ‘உங்கள் தங்கை’ என்று இருக்கிறது. எது சரி? (வாசகி, நாகப்பட்டினம்)

பதில்: முதலில் அந்த வரிகளைப் பார்த்துவிடுவோம்.

“விளையாடு ஆயமொடு வெண்மணல் அழுத்தி
மறந்தனம் துறந்த காழ்முளை அகைய
நெய்பெய் தீம்பால் பெய்துஇனிது வளர்த்தது
நும்மினும் சிறந்தது நுவ்வை ஆகும்என்று
அன்னை கூறினள் புன்னையது நலனே”

தோழி பேசுகிறாள். விளையாட்டுத் தோழியரோடு வெள்ளை மணலில் ஒரு விதையை அழுத்திவைத்தோம், மறந்துபோனோம். அது முளைத்தது. நெய் கலந்த பால் ஊற்றி வளர்த்தோம். இது உங்களைவிடச் சிறந்தது, உங்களுக்கு நுவ்வை என்று அம்மா சொன்னாள்.

சொல்லை மட்டும் எடுத்துக்கொண்டால் அக்கா பக்கம் வலுவாக இருக்கிறது. திருக்குறள் 167இல் ‘செய்யவள் தவ்வை’ என்று திருமகளின் மூத்தவள் வருகிறாளே, அந்தத் தவ்வைக்கு உறவான சொல்தான் நுவ்வையும். ஆனால் ‘மறந்தனம்’ என்ற வினை குறுக்கே நிற்கிறது. நாங்கள் மறந்தோம் என்பது அதன் பொருள். விதையைப் புதைத்தவர்கள் இந்தப் பெண்களே என்றால், மரம் அவர்களுக்குப் பின் பிறந்தது. பின் பிறந்தவள் எப்படி அக்கா ஆவாள்? இதனால்தான் சிலர் தங்கை என்றார்கள். வேறு சிலர் ‘மறந்தனம்’ என்பதையும் தாயின் பேச்சாகவே கொண்டு, விதையைப் புதைத்தது தாயின் சிறுவயதில் என்றார்கள். ஏடுகளில் மேற்கோள் குறி கிடையாது. அதை நாம் எந்த இடத்தில் போடுகிறோமோ அதற்கேற்ப அந்தப் பிள்ளைப் பருவம் ஒருத்தியிடமிருந்து இன்னொருத்திக்குப் போய்விடுகிறது!

என் கருத்தைச் சொல்கிறேன். விதையைப் புதைத்தது அந்தப் பெண்கள்தான். அந்தப் பாலைப் பாருங்கள். எந்த மரத்துக்கு நெய்யும் பாலும் வேண்டும்? அது பிள்ளைகளுக்கு ஊட்டுகிற உணவு. நற்றிணை 110இல் தேன் கலந்த பாலைப் பொற்கிண்ணத்தில் ஏந்திக்கொண்டு செவிலியர் பின்னால் வர, ஒரு சிறுமி பந்தல் பக்கம் ஓடுகிறாள். தனக்கு ஊட்டப்படுவதைத்தான் குழந்தை தன் பொம்மைக்கும் செடிக்கும் ஊட்டும். தாய் வளர்த்திருந்தால் தண்ணீர் ஊற்றியிருப்பாள்.

அப்படியானால் தங்கை தானே? அங்கேதான் ‘ஆகும்’ என்ற சொல்லை நான் பிடித்துக்கொள்கிறேன். நாங்கள் இருந்தது கடற்கரைக் கிராமம். புன்னங்காயைப் பாவாடை மடியில் கட்டிக்கொண்டு போய்க் கோலி ஆடுவோம். ஒரு கோடையில் நானும் சித்தி மகளும் கிணற்றடி மணலில் சில காய்களை ஒளித்துவைத்து, எந்த இடம் என்பதையே மறந்துவிட்டோம். மழைக்குப் பிறகு ஒன்று தலைகாட்டியது. முதலில் என் முழங்கால் உயரம், பிறகு இடுப்பு. எனக்குப் பன்னிரண்டு வயதானபோது அது என் தலையைத் தாண்டியது. நான் திருமணமாகிப் புறப்பட்ட அன்று பாத்திரம் கழுவியவர்கள் அதன் நிழலில் உட்கார்ந்திருந்தார்கள். என் அம்மா மருமக்களிடம் அதைக் காட்டி, “இந்த வீட்டில் மூத்தது இது” என்பாள். பிறப்பில் இளையது, பொறுப்பில் மூத்தது. நும்மினும் சிறந்தது என்று சொன்ன வாயாலேயே அந்தத் தாய் நுவ்வை ஆகும் என்கிறாள். உங்கள் மகளின் உரை மரத்தின் வயதைச் சொல்கிறது, உங்களுடைய உரை அம்மா கொடுத்த இடத்தைச் சொல்கிறது.

கேள்வி: இது காதல் பாடல் என்கிறார்கள். பால்ய நினைவுக்கு அதில் என்ன வேலை?

பதில்: தலைவன் பகலில் அந்தப் புன்னை நிழலுக்கு வந்து நிற்கிறான். “அம்ம நாணுதும் நும்மொடு நகையே” என்கிறாள் தோழி. அக்கா பார்த்துக்கொண்டிருக்கும்போது உன்னோடு சிரித்துப் பேச வெட்கமாக இருக்கிறது என்று பொருள். வலம்புரிச் சங்கு ஒலிக்கும் துறைக்கு உரியவனே, நீ அன்பு செய்வதானால் வேறு நிழல்களும் இருக்கின்றன என்று முடிக்கிறாள். திருமணம் செய்துகொள் என்று நேராகச் சொல்ல வாய் வரவில்லை. சின்ன வயதுக் கதை ஒன்றைச் சொல்லி நிறுத்திவிடுகிறாள். அந்த ஐந்து வரி நினைவு இல்லாமல் இந்த வெட்கத்தை அவன் எப்படி நம்புவான்? எழுதியவர் பெயர் கிடைக்கவில்லை என்பதுதான் எனக்கு எப்போதும் வருத்தம்.

கேள்வி: சென்னையில் பிள்ளைகளுக்குப் புன்னை மரத்தை எங்கே காட்டலாம்?

பதில்: மயிலாப்பூர் கபாலீசுவரர் கோயிலின் தலமரமே புன்னைதான். ‘மட்டிட்ட புன்னையங் கானல்’ என்று சம்பந்தர் பாடிய ஊர் அது. வெள்ளை இதழும் நடுவில் மஞ்சள் தாதும் பார்த்த உடனே தெரியும். காய் கிடைத்தால் பிள்ளைகளையே புதைக்கச் சொல்லுங்கள். ஓட்டை நீக்கிப் புதைத்தால் ஏறக்குறைய மூன்று வாரத்தில் முளைக்கும். ஓட்டோடு புதைத்தால் இரண்டு மாதம்கூட ஆகலாம். ஓட்டோடு புதைப்பதே நல்லது. அவர்கள் மறந்துபோக நேரம் வேண்டும்.