வரப்பு நண்டும் கழி நண்டும்: பிச்சாவரம் போய் வந்தவர்களின் கேள்விகள்

தர்மபுரியிலிருந்து ஒரு பஸ் நிறையப் பேர் பிச்சாவரம் அலையாத்திக் காட்டுக்குப் போய் வந்தோம். நான் விலங்கியல் ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன் என்பதால் படகில் ஏறியதுமே கேள்விகள் தொடங்கிவிட்டன. துடுப்புச் சத்தத்தில் பாதி காதில் விழவில்லை. எழுதிக் கொடுங்கள் என்றேன். கொடுத்துவிட்டார்கள்.

பாலக்கோடு விவசாயி: ஐயா, எங்கள் வரப்பில் வளை தோண்டும் நண்டும் அங்கே பார்த்ததும் ஒன்றுதானா?

தூரத்துப் பங்காளிகள், அவ்வளவுதான். மழைக்காலத்தில் ஒரு பெண் வயல் நண்டைப் பிடித்து மல்லாத்திப் பாருங்கள். வயிற்றடி மடிப்பு அகலமாக இருக்கும். அதை மெல்ல விலக்கினால், மிளகளவு குஞ்சுகள் மொய்த்துக்கொண்டிருக்கலாம். கால், கொடுக்கு எல்லாம் வைத்த முழு நண்டுகள். வளர்ச்சியை முட்டைக்குள்ளேயே முடித்துவிட்டு வருபவை.

உப்பங்கழியில் வாழும் சேற்று நண்டுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. அதன் முட்டையிலிருந்து வருவதைப் பார்த்தால் நண்டு என்றே சொல்லமாட்டீர்கள். முள் துருத்திக்கொண்டு, பெரிய கண்ணோடு, கடல்நீரில் மிதக்கும் தூசு. ஐந்து நிலைகள் அப்படியே கழியும். அதற்கடுத்த நிலையில்தான் கொடுக்கு முளைக்கும். அதையும் தாண்டி நண்டான பிறகே சேற்றில் குடியேறும். உங்கள் ஊர் நண்டின் முன்னோர் கடலின் தயவே இல்லாமல் குஞ்சு பொரிக்கப் பழகிவிட்டார்கள். பாலக்கோட்டில் வரப்பு ஒழுகுவதற்கு அதுதான் காரணம்!

அரூர், ஏழாம் வகுப்பு மாணவி: ஒரு நண்டுக்கு ஒரு கை மட்டும் பெரிதாக இருந்தது. இன்னொரு கை உடைந்துவிட்டதா?

உடையவில்லை பாப்பா. அது பிடில் நண்டு என்ற இனத்தின் ஆண். பெரிய கொடுக்கு பெண்ணை அழைக்கவும் சண்டைக்கும்தான், சாப்பிட உதவாது. சின்னக் கொடுக்கால் சேற்றை அள்ளி வாயில் வைத்து, சத்தை வடித்துக்கொண்டு, மிச்சத்தை உருட்டிப் போட்டுவிடும். வளை வாசலில் குட்டி உருண்டைகள் கிடந்தனவே, அவைதான். பெண் நண்டுக்கு இரண்டுமே சின்னக் கொடுக்கு. அது இரண்டு கையாலும் அள்ளிச் சாப்பிடும்போது ஆண் ஒரு கையைச் சும்மா ஆட்டிக்கொண்டிருக்கும்.

ஓசூர் வாசகர்: இந்த நண்டுகளால் காட்டுக்கு என்ன லாபம்?

அந்தச் சேற்றைக் கிளறினால் அழுகிய முட்டை வாடை வந்ததே, கவனித்தீர்களா? உள்ளே காற்று இல்லை. வெண்கண்டல் மரம் மூச்சு வேர்களை மேலே நீட்டிச் சமாளிக்கிறது. நண்டு வளைகள் வழியே காற்றும் நீரும் கீழே இறங்குகின்றன. கூலி கேட்காத உழவு. சில நண்டுகள் உதிர்ந்த இலைகளையும் வளைக்குள் இழுத்துக்கொள்ளும், அலை அடித்துப் போவதற்குள். நட்ட நாற்றையும் தின்றுவிடும் என்பதால் அலையாத்தி நடுபவர்களிடம் திட்டும் வாங்கும்.

ஊத்தங்கரை: இலையைக் கிள்ளாதீர்கள் என்று படகுக்காரர் ஏன் கத்தினார்?

தில்லை மரம். பால் கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து. பக்கத்துச் சிதம்பரத்துக்குத் தில்லை என்ற பெயர் இந்த மரத்தால் வந்ததுதான்.

காவேரிப்பட்டணம்: 'நண்டு கொழுத்தால் வளையில் தங்காது' என்பது உண்மையா?

சேற்று நண்டில் பாதி உண்மை. பெண் நண்டு, முட்டை பொரிக்கும் காலத்தில் கழியை விட்டுக் கடலுக்குப் போகும். பழமொழி சொல்வது திமிரை. நண்டு போவதோ பிள்ளைப்பேற்றுக்கு.

வாங்கும்போது ஒன்று பாருங்கள்: அடிப்பக்க ஓடு விரலுக்கு அமுங்கினால், அண்மையில்தான் ஓடு மாற்றியிருக்கிறது. உள்ளே சதையைவிடத் தண்ணீர்தான் அதிகம். கொடுக்கில் கட்டிய கயிற்றை மட்டும் கடையில் அவிழ்த்துப் பார்க்காதீர்கள்.

பென்னாகரம்: ஒகேனக்கல்லில் முதலை உண்டு. அங்கேயும் இருக்குமோ என்று படகில் நடுங்கிவிட்டேன்.

நீங்கள் நினைத்துப் பயந்த உப்புநீர் முதலை ஒடிசாவின் பிதர்கனிகா, சுந்தரவனம், அந்தமான் பக்கத்து ஆசாமி. ஒகேனக்கல்லில் இருப்பது நன்னீர் முதலை. அது கொள்ளிடத்திலும் உண்டு. உங்கள் ஊரில் பரிசலில் போகும்போது நீர்நாய் தலை தூக்கினால் நன்றாகப் பார்த்துக்கொள்ளுங்கள். அதே இனம் அலையாத்திக் காடுகளிலும் மீனுக்கும் நண்டுக்கும் அலைகிறது. பிச்சாவரம் வெள்ளாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவில் இருக்கிறது. கொள்ளிடம் காவிரியின் கிளை. ஒகேனக்கல்லில் வெள்ளம் என்று நமக்குக் குளிக்கத் தடை போடுகிறார்களே, மேட்டூர் நிரம்பி வழிந்தால் அந்த நீர்தான் கொள்ளிடம் வழியாக அங்கே போய்க் கழியின் உப்பைக் குறைக்கிறது.