கேமரா கேள்விகள்

கேள்வி: பாலக்கோட்டில் தக்காளி மண்டி வைத்திருக்கிறேன். கல்லாவுக்கு மேலே ஒன்று, வாசலில் ஒன்று, குடோனில் இரண்டு என நான்கு கேமரா. மாட்டியவர் போனிலேயே பார்க்கிற மாதிரி செய்து கொடுத்துவிட்டுப் போனார். இப்போது தங்கை மகன், "மாமா, இதை ஊரே பார்க்கலாம்" என்கிறான். நிஜமா?

பதில்: நிஜமாக இருக்கலாம். மாட்டியவர் பாஸ்வேர்டை மாற்றினாரா? பல டிவிஆர்களில் (கேமராப் படத்தைப் பதிவு செய்யும் பெட்டி) 'அட்மின்', '12345' என்று பெட்டியோடு வந்ததே வருடக்கணக்கில் கிடக்கும். அதோடு, வெளியிலிருந்து பார்க்க வேண்டுமே என்று ரூட்டரில் போர்ட் ஃபார்வர்டிங் (வெளியிலிருந்து வருவதை நேராக உங்கள் பெட்டிக்கு அனுப்பும் வழி) போட்டிருந்தால், உங்கள் பெட்டி இணையத்தில் வாசற்படியில் உட்கார்ந்திருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஷோடான் என்று ஒரு தேடுபொறி 2009லிருந்தே இருக்கிறது, அது தேடுவதே இப்படி வெளியே தெரிகிற கருவிகளைத்தான். ஆகவே பாலக்கோட்டில் ஒரு மண்டி இருப்பது தெரியாதவன்கூட உங்கள் கல்லாவைப் பார்த்துக்கொண்டிருக்கலாம். நோட்டு எண்ணுகிற கை, யுபிஐ பின் அழுத்துகிற விரல், ஷட்டர் இறக்குகிற நேரம், எல்லாம்.

பார்ப்பதோடும் போகாது. 2016இல் மிராய் என்ற வைரஸ், கம்பெனியே போட்டு அனுப்பும் பாஸ்வேர்டுகளில் அறுபத்துச் சொச்சத்தை வரிசையாகப் போட்டுப் பார்த்தே கேமராக்களையும் டிவிஆர்களையும் வளைத்துப் போட்டது. அந்தப் படையை ஏவி, அக்டோபர் 21 அன்று, இணையதளப் பெயரை அடித்தால் அதன் முகவரியைக் காட்டிக் கொடுக்கும் டைன் நிறுவனத்தைத் தாக்கினார்கள். ட்விட்டர், நெட்ஃபிளிக்ஸ் எல்லாம் அமெரிக்காவில் பலருக்கு மணிக்கணக்கில் திறக்கவில்லை. கேமரா சொந்தக்காரர்களுக்கு அது தெரியவே தெரியாது, படம் வழக்கம்போல ஓடிக்கொண்டிருந்திருக்கும்.

சரி, செய்ய வேண்டியது: கடை வைஃபையில் இருக்கும்போது கூகுளில் உங்கள் ஐபி எண்ணைத் (இணையத்தில் உங்கள் இணைப்பின் முகவரி) தேடிக் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு வைஃபையை அணைத்து, மொபைல் டேட்டாவில் அந்த எண்ணை பிரவுசரில் அடியுங்கள். டிவிஆரின் லாகின் பக்கம் வந்தால் கதவு திறந்துதான் இருக்கிறது. வராவிட்டாலும் நிம்மதியாகிவிடாதீர்கள், வேறு போர்ட்டில் இருக்கலாம். ரூட்டரில் போர்ட் ஃபார்வர்டிங்கையும் யுபிஎன்பியையும் (UPnP, கருவிகள் தாமாகவே அந்த வழியைத் திறந்துகொள்ள விடும் வசதி) அணைத்துவிடுங்கள். பாஸ்வேர்டை நீங்களே மாற்றுங்கள், மாட்டியவரிடமும் சொல்ல வேண்டாம் (நல்லவர்தான், ஆனால் நாற்பது கடைக்கு ஒரே பாஸ்வேர்டு வைத்திருப்பார்). அப்புறம் கல்லா கேமராவைக் கொஞ்சம் திருப்புங்கள்; ஆள் தெரிந்தால் போதும், விரல் தெரிய வேண்டாம்.

கேள்வி: பக்கத்து வீட்டு மாடிக் கேமரா எங்கள் குளியலறை வாசலையே பார்க்கிறது. கேட்டால், "திருடனுக்காக வைத்தது" என்கிறார். — வாசகி, கிருஷ்ணகிரி

பதில்: திருடன் உங்கள் குளியலறை வழியாகவா வருவான்? ஒருவரின் அந்தரங்க உறுப்புகளைச் சம்மதமில்லாமல் படமெடுத்தால் தகவல் தொழில்நுட்பச் சட்டம் 66E பிரிவின்படி 3 ஆண்டு வரை சிறை, அல்லது 2 லட்சம் வரை அபராதம், அல்லது இரண்டும். இதைச் சொல்லியும் திருப்பாவிட்டால் காவல் நிலையத்தில் எழுதிக் கொடுங்கள். போகிற போக்கில் முதல் பதிலையும் அவரிடம் காட்டுங்கள். அவர் பாஸ்வேர்டும் 12345 என்றால், பார்ப்பது அவர் மட்டுமல்லவே.