தொழிலாளர் சுரண்டலைச் சினிமா சரியாகக் காட்டுகிறதா?

காரைக்குடியிலிருந்து கேட்டிருக்கிறீர்கள், அதனால் நம்மூரிலிருந்தே தொடங்குகிறேன். பக்கத்துக் கானாடுகாத்தானின் பெரிய செட்டிநாட்டு வீடுகளில் எத்தனையோ படங்கள் எடுத்திருக்கிறார்கள். கேமரா ஆத்தங்குடிக் கல் பதித்த தரைமேல் வழுக்கிக்கொண்டு போகும். அந்தக் கல்லைச் செய்த கை தெரியாது. ஆத்தங்குடியில் ஒரு பட்டறைக்குப் போய்ப் பாருங்கள். கண்ணாடிமேல் அச்சை வைத்து, சாயக் கலவையைக் கையாலேயே ஊற்றி, அச்சை எடுத்து, மேலே மணலும் சிமெண்டும் போட்டு அமுக்குவார்கள். ஒவ்வொரு கல்லுக்கும் இதே வேலை, நாள் முழுக்க.

பெரும்பாலான படங்கள் கெட்ட முதலாளி ஒருவரைக் காட்டி, கிளைமாக்ஸில் அவரைத் திருத்திவிடும். சுரண்டல் ஒரு மனிதரின் குணமாகிவிடுகிறது. எனக்கு இது பெரிய குறையாகப் படுகிறது. உண்மையில் அது நேரத்திலும் கணக்கிலும் அல்லவா நடக்கிறது? 1936-இல் வந்த சாப்ளினின் 'மாடர்ன் டைம்ஸ்' அதைச் சரியாகப் பிடித்தது: சாப்பாட்டு இடைவேளையை மிச்சம்பிடிக்க, தொழிலாளி வாயில் சாப்பாட்டைத் திணிக்கும் இயந்திரத்தையே கொண்டுவந்து சோதிக்கிறார்கள். பாலாவின் 'பரதேசி'யில் (2013) தேயிலைத் தோட்டத்துக் கூலி பிடித்தத்திலேயே கரைகிறது, ஊர் திரும்ப முடிவதில்லை.

அப்புறம் வசந்தபாலனின் 'அங்காடித் தெரு' (2010). துணிக்கடையில் நின்றே வேலை செய்யும் பிள்ளைகள், இரவில் நெருக்கியடித்துப் படுக்கும் இடம். முதலில் இதைப் பாருங்கள்.