"நிதி இல்லைங்க" என்கிறாரா உங்கள் எம்.எல்.ஏ.?

கேள்வி: எங்கள் ஊர் வேதாரண்யம் பக்கம், காவிரித் தண்ணீர் கடைசியாக வந்து சேரும் கடைமடை. ஜூன் 12-ல் மேட்டூர் திறந்தாச்சு என்று டி.வி.யில் பூத்தூவுகிறார்கள். எங்கள் வாய்க்காலில் ஆகாயத்தாமரைதான் பூத்துக் கிடக்கிறது. எம்.எல்.ஏ.விடம் போனால் "நிதி இல்லைங்க" என்கிறார். வருஷத்துக்கு 3 கோடி வாங்குகிறாரே, அது எங்கே போகிறது?

பதில்: அந்த 3 கோடி அவர் கைக்கு வருவதில்லை. அது தொகுதி மேம்பாட்டு நிதி. எந்த வேலை என்று அவர் பரிந்துரைப்பார், ஆட்சியர் அனுமதி தருவார், வேலையையும் பில்லையும் அதிகாரிகள் பார்த்துக்கொள்வார்கள். (அதனால் யார் கையும் நனையாது என்று நான் சொன்னதாக எழுதிவிடாதீர்கள்.) உங்கள் தொகுதியில் ஐம்பது ஊராட்சி இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள், பிரித்தால் ஊருக்கு 6 லட்சம். ஒரு தெருவுக்கு சிமென்ட் போட்டால் தீர்ந்தது. ஆறு, வாய்க்கால் தூர்வாருவது நீர்வளத்துறை வேலை, அதற்குக் கோடையில் அரசு தனியாகப் பணம் ஒதுக்குகிறது.

அப்போ எம்.எல்.ஏ. எதற்கு என்கிறீர்களா? அவருக்குச் சம்பளம் கொடுப்பதே கோட்டையில் எழுந்து நின்று கேட்பதற்குத்தான். சபை கூடினால் முதல் ஒரு மணி நேரம் கேள்வி நேரம். பட்ஜெட் முடிந்ததும் துறை துறையாக மானியக் கோரிக்கை வரும், அதாவது ஒவ்வொரு துறையும் தன் செலவுக்குப் பணம் கேட்டுச் சபையின் ஒப்புதலுக்கு வரும், நீர்வளத்துறை வரும் நாளில் உங்கள் வாய்க்காலின் பெயரைச் சொல்லி, அது எத்தனை ஏக்கருக்குப் பாய்கிறது, எந்த வருஷம் கடைசியாகத் தூர்வாரினார்கள் என்று கேட்டால் அமைச்சர் ஏதாவது பதில் சொல்லியே ஆக வேண்டும். "நிதிநிலைக்கு ஏற்பப் பரிசீலிக்கப்படும்" என்றால் கையை விரித்துவிட்டார் என்று அர்த்தம். "இந்த ஆண்டே எடுத்துச் செய்யப்படும்" என்றால் விஷயமே வேறு, ஏனென்றால் அமைச்சர்கள் சபையில் கொடுத்த வாக்குறுதி நிறைவேறியதா என்று பார்ப்பதற்கென்றே அரசு உறுதிமொழிக் குழு என்று ஒன்று இருக்கிறது. மனுக்கள் குழு என்றும் ஒன்று உண்டு, மாவட்டத்துக்கே வந்து பொதுமக்களிடம் மனு வாங்கும், அதற்கு யார் சிபாரிசும் வேண்டாம்.

அதனால் அடுத்த முறை போகும்போது நிதி கேட்காதீர்கள். "எங்கள் வாய்க்காலைப் பற்றிச் சபையில் என்றைக்குப் பேசினீர்கள், அமைச்சர் என்ன பதில் சொன்னார்?" என்று கேளுங்கள். நாலு பேர் முன்னால் கேட்டால் இன்னும் நல்லது.

கேள்வி: எங்கள் எம்.எல்.ஏ. காதுகுத்து, வளைகாப்பு, கருமாதி எதையும் விடமாட்டார். தங்கமான மனுஷர். நீங்கள் ஏன் எல்லோரையும் குறை சொல்கிறீர்கள்? (வாசகி, வலங்கைமான்)

பதில்: மொய் எழுத வருகிறவர் நல்ல சொந்தக்காரர்தான் அம்மா, மறுக்கவில்லை. கொள்முதல் நிலையத்தில் ஈரப்பதம் 17 சதவீதத்துக்கு மேல் என்று நெல்லைத் திருப்பி அனுப்பி, அது மழையில் முளைவிட்டுக் கிடக்கிறதே, அன்றைக்கும் வந்தாரா என்று ஒரு வரி எழுதுங்கள்.

கேள்வி: சட்டமன்றத் தேர்தலில் கலைஞர் தோற்றதே இல்லை என்கிறார்களே, நிஜமா? (கும்பகோணம்)

பதில்: நிஜம்தான். 13 முறை நின்றார், 13 முறையும் ஜெயித்தார். ஆற்றோடு சேர்த்துப் பார்த்தால் அந்தக் கணக்கு எனக்கு இன்னும் பிடிக்கும். 1957-ல் குளித்தலை, 1962-ல் தஞ்சாவூர். அதே 62-ல் அண்ணாவே காஞ்சிபுரத்தில் தோற்றுப்போனார் என்பதையும் நினைத்துக்கொள்ளுங்கள். அப்புறம் சென்னைக்குப் போய் சைதாப்பேட்டை, அண்ணா நகர், துறைமுகம், சேப்பாக்கம் என்று சுற்றிவிட்டு, 2011-லும் 2016-லும் திருவாரூருக்கே திரும்பினார். காவேரி மேலே குளித்தலையில் தொடங்கிக் கீழே பிறந்த மண்ணில் முடித்தார். 1991-ல் துறைமுகத்தில் ஜெயித்தும் பதவியை ராஜினாமா செய்தார், அதையும் சேர்த்துத்தான் 13.

அவர் அரசியலில் எனக்கு ஆயிரம் சண்டை உண்டு. ஆனால் சபையில் அவருடைய கன்னிப்பேச்சு குளித்தலை பக்கத்து நங்கவரம் பண்ணை விவசாயிகளைப் பற்றியது. கட்சிக்குச் சபையில் மொத்தமே 15 பேர், அதிலும் இவர் புதுசு. ஓட்டுப் போட்ட ஊரின் பிரச்சினையைத்தான் முதலில் கையில் எடுத்தார். இன்றைக்கு முதல்முறை போகிறவர்கள் பலர் நன்றி சொல்லியே நேரத்தைத் தீர்த்துவிடுகிறார்கள்.

கேள்வி: எங்கள் ஊரில் எக்ஸ்பிரஸ் நிற்க எம்.எல்.ஏ. ஏன் எதுவும் செய்வதில்லை?

பதில்: ரயில் டெல்லி சமாச்சாரம். எம்.பி.யைப் பிடியுங்கள்.

கேள்வி: கல்லூரி முடித்துவிட்டேன், வயது 23. திருத்துறைப்பூண்டியில் சுயேச்சையாக நிற்கலாமா?

பதில்: இன்னும் 2 வருஷம் பொறுங்கள், 25 ஆக வேண்டும். அப்புறம், திருத்துறைப்பூண்டி தனித்தொகுதி, பட்டியல் சாதியினர் மட்டுமே அங்கே நிற்க முடியும். நீங்கள் அந்தப் பிரிவு என்றால் அங்கும் நிற்கலாம், பக்கத்தில் மன்னார்குடி, திருவாரூர் மாதிரிப் பொதுத்தொகுதியிலும் நிற்கலாம், கட்ட வேண்டிய டெபாசிட்டும் 5,000 ரூபாய்தான். மற்றவர்களுக்கு 10,000. உங்கள் பெயர் தமிழ்நாட்டில் ஏதாவது ஒரு தொகுதியின் வாக்காளர் பட்டியலில் இருந்தால் போதும், நிற்கிற தொகுதியிலேயே இருக்க வேண்டும் என்பதில்லை. பதிவான செல்லுபடி ஓட்டில் ஆறில் ஒரு பங்குக்கு மேல் வாங்காவிட்டால் கட்டிய பணம் போச்சு. வீட்டில் சொல்லிவிட்டீர்களா?